யானைத் தடமும் கும்பெனிக் கோடும்

ஓசூரை ஒட்டிய பேரிகை, பாகலூர், சூளகிரிப் பக்கத்துப் பள்ளிகளில் அரையாண்டுத் தேர்வு முடிந்துவிட்டால் அடுத்த பேச்சு சுற்றுலாதான். விடியுமுன் பஸ் கிளம்பும். மதியம்வரை பன்னர்கட்டா உயிரியல் பூங்கா; கம்பிவலை அடித்த வண்டிக்குள் உட்கார்ந்தபடி வெளியே உலாத்தும் சிங்கத்தையும் புலியையும் பார்ப்பது. கட்டிக்கொண்டு போன புளிச்சோறு. பிறகு பெங்களூருக்குள் நுழைந்து லால்பாக் கண்ணாடி மாளிகை, கப்பன் பூங்கா, நேரமிருந்தால் அருங்காட்சியகம். பெரியவர்களுக்குச் சுற்றுலா நடத்துகிறவர்களும் இதையே கொஞ்சம் மெருகேற்றி விற்கிறார்கள்: காலையில் காட்டுயிர், மாலையில் கன்டோன்மென்ட். 1809இல் படைமுகாம் வந்த கதையை வழிகாட்டி சொல்வார். பெங்களூர் கிளப்பில் சர்ச்சில் 13 ரூபாய் பாக்கி வைத்துவிட்டுப் போன கதையைச் சொல்லாமல் விடவே மாட்டார்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. பிள்ளைகள் காசு கட்டி யானை பார்க்கப் போகும் அதே பருவத்தில் பன்னர்கட்டாவின் காட்டு யானைகள் கிளம்பி இந்தப் பக்கம் வந்திருக்கும். ராகி கதிர் பிடிக்கும் ஐப்பசி, கார்த்திகையில் ஜவளகிரி வழியாகத் தமிழ்நாட்டுக்குள் இறங்கி, தளி, தேன்கனிக்கோட்டை, சானமாவு என்று காட்டுத் துண்டுகளில் தங்கித் தங்கி, சில கூட்டங்கள் சூளகிரி, பேரிகை வரைக்கும் நடக்கும். மாசி வெயில் ஏறும்போது திரும்பும்.

அந்தச் சுற்றுலாவில் எனக்குள்ள குறை, பார்க்கும் இடங்களைப் பற்றியது அல்ல. காலையில் பார்த்த மிருகத்துக்கும் மாலையில் பார்த்த கட்டடத்துக்கும் சம்பந்தமே இல்லாததுபோல் நாளை இரண்டாகக் கிழித்துவிடுகிறார்கள். ஓசூர் எல்லையில் வாழ்கிறவர்களுக்காவது அந்தச் சம்பந்தம் தெரிந்திருக்க வேண்டும். யானை இன்று யார் வயலில் நிற்கிறது என்பதற்குக் காரணம் தேடிப் போனால் இருநூறு வருஷத்துக்கு முன் வெள்ளைக்காரர் போட்ட கோடுகளில்தான் போய் முட்டிக்கொள்வோம்.

இந்தக் கிழிசல் நம் ஊர் வழக்கம் மட்டுமில்லை. கொழும்பில் வந்திறங்கும் பயணியை ஒரே நாளில் பின்னவலைக்கும் கண்டிக்கும் கூட்டிப்போய் வரும் வண்டிகள் ஏராளம். தாயை இழந்த யானைக் குட்டிகளுக்காக 1975இல் தொடங்கியது பின்னவலைக் காப்பகம். குட்டிகள் பால் குடிப்பதைப் பார்த்துவிட்டுக் கண்டியில் ஆங்கிலேயர் கட்டிய ஹோட்டலில் தேநீர். மேஜர் ராஜர்ஸ் என்ற பெயர் அந்த வண்டியில் காதில் விழ வாய்ப்புக் குறைவு. பதுளையில் அரசாங்க அதிகாரியாக இருந்த அந்த மனிதர் ஆயிரத்துக்கும் மேலான யானைகளைச் சுட்டவர்; 1845இல் ஆப்புத்தளையில் இடி விழுந்து செத்தார். அவர் காலத்தில்தான் கண்டிச் சீமையின் மலைக்காடு காப்பித் தோட்டமாகிக்கொண்டிருந்தது. தோட்ட வேலைக்கு நம் ஆட்கள் மன்னார் வழியாக நடந்தே போனார்கள். சுட்ட யானை, வெட்டிய காடு, எழும்பிய பங்களா, நடந்து போன கூலி எல்லாம் ஒரே பேரேட்டின் பக்கங்கள்.

ஓசூர்ப் பேரேடு 1791இல் திறக்கிறது. அந்த வருஷம் மார்ச்சில் கிழக்கிந்தியக் கும்பெனியின் கவர்னர் ஜெனரல் கார்ன்வாலிஸ், மைசூரை ஆண்ட திப்புவிடமிருந்து பெங்களூர்க் கோட்டையைப் பிடித்தார். ஜூலையில் மேஜர் கௌடியின் படை ஓசூருக்கும் ராயக்கோட்டைக்கும் வந்தது. ஓசூர்க் கோட்டையைப் பலப்படுத்தியவர் திப்புவிடம் கைதியாக இருந்த ஹாமில்டன் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் என்றும், கும்பெனிப் படை நெருங்கியபோது அவரைக் கொன்றுவிட்டே காவல்படை வெளியேறியது என்றும் மாவட்டக் கையேடுகள் எழுதிவைத்திருக்கின்றன. தன் நாட்டுப் பீரங்கியைத் தடுக்கத் தானே சுவர் எழுப்ப வேண்டியிருந்த மனிதன். ஓசூர்க்காரர்களில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும் என்று கேட்டுப் பார்த்தால் வருத்தம்தான் மிஞ்சும்.

1792 ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கை ராயக்கோட்டையோடு சேர்ந்த பாராமகால் சீமையைக் கும்பெனிக்கு எழுதிக் கொடுத்தது. ஓசூர் திப்புவிடமே நின்றது. ஆக ஏழு வருஷம் ராயக்கோட்டை கும்பெனிச் சீமை, ஓசூர் மைசூர்ச் சீமை. இன்று டவுன் பஸ் போய்வரும் தூரத்துக்குள் அன்று இரண்டு ராஜ்யங்களின் எல்லை. 1799 மார்ச்சில் ஜெனரல் ஹாரிஸின் படை அந்த எல்லையைத்தான் தாண்டியது. நிஜாம் படையும் உடன் வர, ராயக்கோட்டையிலிருந்து கெலமங்கலம் வழியாக ஸ்ரீரங்கப்பட்டணத்தை நோக்கி நகர்ந்தது. துப்பாக்கி பிடித்த ஆளைவிடச் சுமை இழுத்த மாடு அந்தப் படையில் அதிகம். தானிய மூட்டைக்கு மாடு, குண்டுக்கு மாடு, பீரங்கிக்கு மாடு; சேற்றில் சிக்கிய பீரங்கியைத் தள்ள யானை. அத்தனை வாய்க்கும் புல்லுக்கு எங்கே போவது? மாடுகள் வழியெல்லாம் சாய்ந்தன. அந்தப் படை புழுதி கிளப்பிப் போன கெலமங்கலத்து நிலத்தில்தான் இன்று காட்டு யானைக் கூட்டம் இருட்டில் குறுக்கே போகிறது.

அந்த மே மாதம் 4ஆம் தேதி திப்பு விழுந்தார். ஓசூர் கும்பெனிக்கு வந்தது. ஆனேக்கல்லும் மாலூரும் மைசூர் சமஸ்தானத்தில் நின்றன. படை முகாமிலும் தர்பாரிலும் போட்ட அந்தக் கோட்டைத்தான் பின்னால் மாநில எல்லையாக எடுத்துக்கொண்டோம். சேலம் மாவட்டத்திலிருந்து 1965இல் தருமபுரி, அதிலிருந்து 2004இல் கிருஷ்ணகிரி என்று பேரிகையின் மாவட்ட முகவரி மாறிக்கொண்டே வந்தது. வடக்கே உள்ள கோடு மட்டும் அசையவில்லை. வாழ்க்கை அந்தக் கோட்டை அவ்வளவாக மதிப்பதில்லை என்பது வேறு விஷயம். பேரிகைச் சந்தையில் ஒரு தக்காளிக் கூடைக்கு மூன்று மொழியில் விலை பேசலாம். எல்லைக்கு அந்தப் பக்கத்து மாஸ்தியில் வளர்ந்து, வீட்டில் தமிழ் பேசி, கன்னடத்தில் எழுதி 1983இல் ஞானபீடம் பெற்றவர் மாஸ்தி வெங்கடேச ஐயங்கார்.

கோடு போட்ட பிறகு அளவு. பாராமகாலின் முதல் கலெக்டர் அலெக்சாண்டர் ரீட். அவருக்குக் கீழே தருமபுரியில் தாமஸ் மன்றோ. இருவரும் பட்டாளத்து ஆட்கள். குடியானவனிடமே நேராகத் தீர்வை வாங்கும் ரயத்துவாரி முறை இவர்கள் கையில்தான் உருப்பெற்றது. அதை நான் இகழமாட்டேன். பாளையக்காரரும் குத்தகைக்காரரும் நடுவில் நின்று உறிஞ்சியதைவிட அது மேல். ஆனால் அந்தக் கணக்கில் உழுத நிலமே நிலம். மற்றதெல்லாம் தரிசு, தரிசு என்றால் என்றைக்காவது உழப்பட வேண்டியது. யானை அப்போது பயிருக்கு எதிரி, சுட்டவருக்குச் சர்க்கார் இனாம் கொடுத்தது. அதே சென்னை சர்க்கார்தான் 1873இல் காட்டு யானையைக் கொல்லக் கூடாதென்று சட்டம் போட்டது. சுமை இழுக்கவும் மரம் தூக்கவும் யானை தேவைப்பட்டபோது அதன் மேல் வந்த கரிசனம் அது என்று நினைக்கிறேன். 1882இல் சென்னை வனச் சட்டம் வந்தது. உழ முடியாத மலையும் கரடும் காப்புக்காடாகக் கல் நடப்பட்டன. நடுவில் கிடந்த சமதளம் பட்டா நிலமாயிற்று.

இன்றைய முழுச் சிக்கலும் அந்த நடுவில்தான் இருக்கிறது. யானை மலை உச்சியில் குடியிருப்பதில்லை. ஏரிக்கும் மூங்கிலுக்கும் புல்லுக்குமாகச் சமதளத்தில் நடக்கும். வரைபடத்தில் சானமாவு ஒரு பச்சைத் துண்டு, ஜவளகிரி ஒரு பச்சைப் பரப்பு. யானைக்கு அவை தங்கும் இடங்கள். இடையில் உள்ள வெள்ளைதான் வழி. அந்த வெள்ளையில் அன்று ராகி வந்தது. 1970களிலிருந்து சிப்காட், அதன் பின்னால் வண்டி, லாரி, கடிகாரத் தொழிற்சாலைகள், அப்புறம் நாற்கரச் சாலை, ரோஜாவுக்கும் குடைமிளகாய்க்கும் பாலிஹவுஸ், இப்போது செல்போன் பாகங்கள்.

நகரத்தின் வயிறும் இந்தக் கணக்கில் உண்டு. 1864இல் மாலூர் வழியாக பெங்களூருக்கு ரயில் வந்தபோது தென்னிந்திய எஞ்சின்கள் பெரும்பாலும் விறகில் ஓடின. தண்டவாளத்துக்குக் கட்டை, எஞ்சினுக்கு விறகு, கன்டோன்மென்ட் அடுப்புக்குக் கரி. குதிரைக்கும் இங்கேதான் இடம் பார்த்தார்கள். மத்திகிரியில் 1824இல் பட்டாளத்துக் குதிரைகளுக்காகத் தொடங்கிய பண்ணைதான் இன்று 1,600 ஏக்கருக்கும் மேல் விரிந்த அரசுக் கால்நடைப் பண்ணை. ஓசூரைச் சுற்றி ஒவ்வொரு சென்ட்டும் லே-அவுட் ஆகிவிட்ட காலத்தில் அத்தனை பெரிய புல்வெளி தப்பியிருப்பதற்கு நாம் ஒரு குதிரைப் படைக்கு நன்றி சொல்ல வேண்டியிருக்கிறது. ஓசூரின் குளிர்ச்சியைப் பார்த்துச் சேலம் கலெக்டர்களும் இங்கே வந்து தங்கினார்கள். அவர்களில் பிரெட் என்பவர் இங்கிலாந்தின் கெனில்வொர்த் கோட்டையைப் பார்த்து இங்கே ஒரு மாளிகை எழுப்பினார். மனைவிக்காகக் கட்டியது, அவள் வரவில்லை என்று ஊரில் கதை. கதை உண்மையோ இல்லையோ, கட்டடம் கவனிப்பார் இல்லாமல் சிதைந்தது உண்மை.

இந்தக் கதையில் கட்டாயம் பேச வேண்டிய இன்னொருவர் கென்னத் ஆண்டர்சன். பெங்களூர்க்காரர், விமானத் தொழிற்சாலையில் வேலை, ஓய்வு கிடைத்தால் துப்பாக்கியோடு ஓசூர்க் காடு. 1954இல் வந்த அவருடைய முதல் புத்தகத்தில் ஜவளகிரியின் ஆட்கொல்லிப் பெண்புலிக்கு ஓர் அத்தியாயம். 1959இல் வந்த ஒரு புத்தகத்தின் தலைப்பிலேயே தேன்கனிக்கோட்டைப் பக்கத்துச் சிவனிப்பள்ளியின் கருஞ்சிறுத்தை. அவர் 1974இல் இறந்தார். பன்னர்கட்டா தேசியப் பூங்கா ஆனதும் அதே ஆண்டு. நம் ஊர்ப் பெயர்களை லண்டன் வாசகன் வாயில் நுழைய வைத்தவர் அவர். பூசாரி, வண்டிக்காரன், இருளர் என்று உள்ளூர் ஆட்களைப் பெயரோடும் குணத்தோடும் எழுதியவர் என்பதையும் மறுக்க முடியாது. ஆனாலும் அவர் புத்தகங்களில் காடு என்பது நகரத்து மனிதன் வார இறுதியில் போய் வீரம் காட்டித் திரும்பும் இடம். துப்பாக்கிக்குப் பதில் கேமரா என்றால் இன்றைய ஜீப் சவாரியும் அதுதான். இன்று ஓசூரில் காட்டுயிர்ப் பாதுகாப்பு வேலை செய்யும் ஒரு சங்கம் அவர் பெயரைத் தாங்கியிருப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. பழைய வேட்டைக்காரர் பெயரில் யானையைக் காப்பாற்றுகிறார்கள். வரலாறு இப்படியும் வட்டி கட்டும்.

யானைகளின் கதைக்குத் திரும்பினால், 1980களில் ஒன்று நடந்தது. ஓசூர், தருமபுரிக் காடுகளிலிருந்து சில கூட்டங்கள் கிழக்கே நகர்ந்து ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்துக்குள் போயின. அந்தப் பக்கத்து மக்கள் தலைமுறை தலைமுறையாக யானையையே பார்த்திராதவர்கள். குப்பம் பகுதியில் கௌண்டின்யா சரணாலயம் 1990இல் அறிவிக்கப்பட்டதே அந்த விருந்தாளிகளுக்காகத்தான். தமிழ்நாடு 2014இல் காவிரி வடக்கு வன உயிரினச் சரணாலயத்தை 504 சதுர கிலோமீட்டரில் அறிவித்தது. 2022இல் காவிரி தெற்கு, 686 சதுர கிலோமீட்டர். அஞ்செட்டி, உரிகம், ஜவளகிரிக் காடுகளுக்கு இவை பெரிய பாதுகாப்பு. பேரிகை, சூளகிரி ராகி வயலுக்கு இந்த எண்களால் எதுவும் ஆகவில்லை. இந்த ஊர்கள் எந்தச் சரணாலயத்துக்குள்ளும் இல்லை.

இங்கே அறுவடை மாதத்தில் ஒரு ராத்திரி எப்படிப் போகும் என்பதைச் சொல்ல வேண்டும். பகலெல்லாம் கூட்டம் ஏதோ ஒரு காப்புக்காட்டுத் துண்டுக்குள் நிற்கும். வேட்டைத் தடுப்புக் காவலர்கள் அதைச் சுற்றியே இருப்பார்கள். எத்தனை தாய், எத்தனை குட்டி, தனியாகத் திரியும் கொம்பன் எந்தப் பக்கம் என்று அவர்களுக்குத் தெரியும். சாயங்காலம் ஐந்து மணிக்குச் செய்தி கிராமங்களுக்குப் போகும்: இன்ன ஊர்ப் பக்கம் நடமாட்டம், ராத்திரி யாரும் வயல் காவலுக்குப் போக வேண்டாம். போகாமல் இருப்பார்களா? நாலு மாதம் பாடுபட்டு நிற்கிற ராகி. பரணில் ஒருவர், வரப்பில் ஒருவர், கையில் டார்ச், தகர டின், பட்டாசு. முதலில் எதுவும் கேட்காது. இவ்வளவு பெரிய உடம்பு ராகிக்குள் இறங்குவது, மழை தூறுகிற அளவுக்குத்தான் சத்தம் போடும். பிறகு கதிரைச் சுருட்டி வேரோடு பிடுங்கி, மண்ணை உதறக் காலில் அடிக்கிற ‘தப், தப்’. அப்போது டின் அடிப்பார்கள், வெடி போடுவார்கள். கூட்டம் பக்கத்து வயலுக்கு நகரும். அங்கே இன்னொரு டின். விடிந்து பார்த்தால் தின்றதைவிட மிதித்தது அதிகம். சொட்டுநீர்க் குழாய் நைந்து கிடக்கும். காலையில் கிராம நிர்வாக அலுவலர் வந்து சேதத்தை எழுத வேண்டும், வனத்துறை சரிபார்க்க வேண்டும், இழப்பீடு வர வேண்டும். வரும், ஆனால் அடுத்த விதைப்புக்கு வாங்கிய கடனுக்கு முன் வராது. டின் அடித்தவர்களில் ஒருவர் வீடு திரும்பாத ராத்திரிகளும் இந்த மாவட்டத்துக்கு உண்டு. தாழ்ந்து தொங்கிய மின்கம்பியில் சாய்ந்த யானைகளும் உண்டு.

தடுக்க என்னென்னவோ செய்து பார்த்தாயிற்று. அகழி வெட்டினார்கள், மழையில் கரை சரிந்த இடத்தில் யானை இறங்கி ஏறியது. சூரிய மின்வேலி போட்டார்கள். தந்தத்தில் மின்சாரம் ஏறாது என்பதை யானை சீக்கிரம் கண்டுபிடித்தது. இப்போது இரும்புக் கயிற்று வேலி. இதன் மூலக்கதை சுவையானது. தென்னாப்பிரிக்காவின் ஆடோ பூங்காவில் மிஞ்சியிருந்த இருபத்துச் சொச்சம் யானைகளை ஆரஞ்சுத் தோட்டக்காரர்களிடமிருந்து காப்பாற்ற 1950களில் ஆர்ம்ஸ்ட்ராங் என்ற மேலாளர் ஒரு வேலி போட்டார். தூணுக்குப் பழைய டிராம் தண்டவாளம், குறுக்கே பழைய லிஃப்ட் கயிறு. நகரத்தின் பழைய இரும்புதான் யானைக்கு அரண் ஆயிற்று. கர்நாடகம் கழித்துப்போட்ட ரயில் தண்டவாளங்களைப் பன்னர்கட்டா ஓரத்தில் நட்டது. நமக்கும் ஒரு தண்டவாளம் இருந்தது: பஞ்ச நிவாரணமாக மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கு 1906இல் வந்து 1913இல் ஓசூரை எட்டிய குறுகிய பாதை. 1941இல் யுத்தத்துக்காக அதைப் பெயர்த்துக் கொண்டுபோய்விட்டார்கள்.

வேலி ஒரு ஊரைக் காப்பாற்றுகிறது என்பதில் சந்தேகமில்லை. அந்த ஊரைச் சுற்றிப் போகும் யானை பக்கத்து ஊருக்குப் போகிறது என்பதிலும் சந்தேகமில்லை. கர்நாடகம் ஒரு பக்கம், தமிழ்நாடு ஒரு பக்கம், ஆந்திரம் ஒரு பக்கம் விரட்டினால் நடுவில் மாட்டுவது இந்த மூலைதான். 1799இன் எல்லைக்கோட்டைக் காவல் காக்கும் வேலையை மூன்று மாநில வனத்துறைகள் பட்டாசு வைத்துச் செய்துகொண்டிருக்கின்றன.

ஆகவே பேரிகையிலிருந்து ஒரு நாள் பயணம் என்றால் நான் வேறு மாதிரி போடுவேன். பன்னர்கட்டாவை நீக்க வேண்டாம். காயம்பட்ட, பிடிபட்ட மிருகங்களைப் பராமரிக்கும் இடம், பிள்ளைகளுக்கும் சந்தோஷம். அதை வேறொரு நாளுக்கு வைத்துக்கொள்ளலாம். இந்த நாளில் முதலில் சூளகிரிக்கு அருகே மல்லச்சந்திரம்: மலை மேல் பலகைக் கல்லை நிறுத்தி மேலே பாறை மூடிய கற்திட்டைகள். கும்பெனிக்கும் திப்புவுக்கும் முன்னால் எத்தனை காலம் இங்கே மனிதனும் யானையும் ஒரே பள்ளத்தாக்கில் இருந்தார்கள் என்பதற்கு அதைவிடப் பாடம் வேண்டாம். பிறகு ராயக்கோட்டை மலை. மேலே ஏறி நின்றால் ஹாரிஸ் போன திசை தெரியும். கெலமங்கலத்தில் யானை இறங்கிய வயலும், அந்த வயல்காரரின் பேச்சும், அதற்கு அவருக்குக் கூலியும். ஓசூரில் ஹாமில்டனின் கோட்டை நின்ற இடம், மத்திகிரிப் பண்ணை. காட்டுக்குள் ஜீப் வேண்டாம். காப்புக்காட்டு ஓரத்தில் நின்று வேலியையும் அகழியையும் பார்த்தால் போதும். யானையைப் பார்க்காமல் திரும்பினால் அந்தப் பயணம் தோல்வி இல்லை என்று புறப்படும்போதே சொல்லிவிட வேண்டும்.

வழிகாட்டியாக யார்? பத்து வருஷம் யானைக்குப் பின்னால் நடந்த காவலர்கள் இந்த வனச்சரகங்களில் இருக்கிறார்கள். சொற்பச் சம்பளம், ஒப்பந்த வேலை. இந்த வரலாற்றை அவர்களுக்கு இரண்டு வாரம் சொல்லிக் கொடுத்தால் எந்தப் பல்கலைக்கழகப் பட்டதாரியைவிடவும் நன்றாகச் சொல்வார்கள். டிக்கெட் பணத்தில் ஒரு பங்கு அவர்களுக்கும், ஒரு பங்கு இழப்பீடு வரும்வரை கைமாற்றாக ராகிக்காரர்களுக்கும் போக வேண்டும். இது ஒன்றும் பெரிய திட்டம் இல்லை. ஒரு பழைய பஸ்ஸும் ஒரு சார் ஆட்சியரும் போதும்.

இடைஞ்சல் கையெழுத்துகளில்தான் இருக்கிறது. காடு வனத்துறைக்கு, பண்ணை கால்நடைத் துறைக்கு, கோட்டைகள் தொல்லியல் துறைகளுக்கு, வயல் பட்டாதாரருக்கு, டிக்கெட் சுற்றுலாத் துறைக்கு. இத்தனை பேரையும் ஒரு மேஜையில் உட்கார வைக்கிற கூட்டத்தைப் புரட்டாசிக்குள் கூட்டிவிட வேண்டும். ஐப்பசி பிறந்துவிட்டால் வனத்துறை ஆட்களுக்கு ராத்திரித் தூக்கமே கிடையாது, கூட்டத்துக்கு எங்கே வருவார்கள்?